யார் இந்த ராபர்ட்டா? பிறக்காத பெண்ணுக்கு ஓட்டுநர் உரிமம் வாங்கிய கலைஞரின் கதை

1970-களின் நடுப்பகுதி. அமெரிக்காவின் சான் பிரான்சிஸ்கோ நகரில் ராபர்ட்டா பிரைட்மோர் என்றொரு பெண் வாழ்ந்து வந்தார். ஓட்டுநர் உரிமம் இருந்தது. வங்கியில் கணக்கு, கையில் செக் புத்தகம், கிரெடிட் கார்டு எல்லாம் இருந்தன. வாடகைக்கு ஒரு வீடு எடுத்திருந்தார். எடை குறைப்பு வகுப்புக்குப் போனார், மனநல மருத்துவரையும் பார்த்தார். அவருக்கென்று தனிக் கையெழுத்து, தனி நடை, தனிப் பேச்சு.

ஒரே ஒரு சிக்கல்தான். அப்படி ஒரு பெண் பிறக்கவே இல்லை.

ராபர்ட்டாவை உருவாக்கியவர் லின் ஹெர்ஷ்மேன் லீசன். 1941-ல் ஒஹாயோ மாகாணத்தின் கிளீவ்லாந்தில் பிறந்து, சான் பிரான்சிஸ்கோவில் வேரூன்றிய நிகழ்த்துகலைஞர், வீடியோ கலைஞர், திரைப்பட இயக்குநர். சுமார் 5 ஆண்டுகள் விக், மேக்கப், உடையோடு அவரே ராபர்ட்டாவாக நகருக்குள் நடமாடினார்.

‘அட, இதுல என்ன இருக்கு? இன்னைக்கு ஆளுக்கு நாலு ஃபேக் ஐடி வெச்சிருக்காங்களே’ என்று தோன்றலாம். இணையமும் செல்போனும் மக்கள் கைக்கு வராத காலத்தில் இதை ஒருவர் ஏன் செய்தார், அதற்கு அவர் என்ன விலை கொடுத்தார் என்பதுதான் இந்தக் கதையின் மையம்.

இது நாடகமா, நடிப்பா?

இரண்டும் இல்லை. நிகழ்த்துகலையில் கலைஞரின் உடலும் அவர் செலவிடும் நேரமுமே படைப்பின் மூலப்பொருள். ஓவியருக்கு வண்ணம் எப்படியோ, அப்படி.

நாடகத்தில் மேடை உண்டு, திரை உண்டு, டிக்கெட் வாங்கி உட்கார்ந்திருக்கும் பார்வையாளர் உண்டு. ராபர்ட்டாவுக்கு இவை எதுவும் கிடையாது. பேருந்தில் அவர் பக்கத்தில் உட்கார்ந்தவருக்கோ வங்கிக் கவுன்டரில் இருந்தவருக்கோ தாங்கள் ஒரு கலைப்படைப்புக்குள் இருக்கிறோம் என்று தெரியாது. அவர்களுக்கு அவர் ராபர்ட்டா, அவ்வளவுதான்.

அதே காலகட்டத்தில் வேறு சிலரும் இந்தத் திசையில் யோசித்துக்கொண்டிருந்தார்கள். கறுப்பினக் கலைஞரான ஏட்ரியன் பைப்பர், மீசையும் கறுப்புக் கண்ணாடியும் மாட்டிக்கொண்டு ஓர் ஆணாகத் தெருக்களில் நடந்தார். சிண்டி ஷெர்மன் விதவிதமான பெண்களாக வேடமிட்டுத் தன்னையே படமெடுக்கத் தொடங்கினார். ஷெர்மனின் பெண்கள் புகைப்படச் சட்டத்துக்குள் இருந்தார்கள். ராபர்ட்டா சட்டத்தை விட்டு வெளியே வந்து, வங்கி வரிசையில் நின்றார்.

தொடங்கிய இடம் மருத்துவமனை

1960-களின் நடுவில், கர்ப்பமாக இருந்த ஹெர்ஷ்மேனின் இதயம் செயலிழக்கத் தொடங்கியது. ஆக்சிஜன் கூடாரத்துக்குள் வாரக்கணக்கில் படுத்திருந்தார். அசைய முடியாது. கேட்கக் கிடைத்த துணை, தன் சொந்த மூச்சுச் சத்தம்.

பிழைத்து வந்தவர், தன் முகத்தை அச்செடுத்து மெழுகு முகங்கள் செய்தார். அவற்றோடு ஒலிப்பதிவுக் கருவியை இணைத்தார். அருகே போனால் முகம் மூச்சுவிடும், பேசும். ‘மூச்சுவிடும் இயந்திரங்கள்’ என்பது இந்தப் படைப்புகளின் பெயர். உயிரோடு இருப்பதற்கும் உயிரோடு இருப்பதாகத் தெரிவதற்கும் நடுவில் இருக்கும் இடைவெளி அப்போதே அவரைப் பிடித்துக்கொண்டது.

1972-ல் பெர்க்லியின் பல்கலைக்கழகக் கலை அருங்காட்சியகத்தில் அவருடைய படைப்புகள் வைக்கப்பட்டன. அங்கே ஒலிநாடா வைத்ததுதான் பிரச்சினையானது. இது கலையே இல்லை என்ற காரணத்தோடு காட்சி மூடப்பட்டது.

‘சரி, அருங்காட்சியகம் வேண்டாம்’ என்று வெளியே வந்தார். 1973-ல் எலினார் கொப்போலாவுடன் சேர்ந்து, நார்த் பீச் பகுதியில் ‘டான்டே’ என்ற மலிவான விடுதியில் அறை எடுத்தார். தன் அறையின் கட்டிலில் மெழுகு உருவங்களைப் படுக்கவைத்தார். மூச்சுச் சத்தம் ஒலிபரப்பானது. அங்கே வாழ்ந்திருக்கக்கூடிய ஒருவரின் பொருட்கள் அறையில் சிதறிக் கிடந்தன. யார் வேண்டுமானாலும் எந்த நேரத்திலும் சாவி வாங்கிக்கொண்டு போய்ப் பார்க்கலாம்.

சுமார் 9 மாதங்கள் இது ஓடியது. ஓர் இரவு, அதிகாலை 3 மணி வாக்கில் உள்ளே போன ஒருவர், கட்டிலில் கிடப்பவை பிணங்கள் என்று பயந்து போலீஸைக் கூப்பிட்டுவிட்டார். போலீஸார் வந்து எல்லாவற்றையும் அள்ளிக்கொண்டு போனார்கள். ஹெர்ஷ்மேன் பின்னாட்களில் இதைத் தன் படைப்புக்குப் பொருத்தமான முடிவு என்றே எடுத்துக்கொண்டார்.

அந்த அறையில் தங்கியிருந்தவர் யாராக இருக்கும்? அந்தக் கேள்வியிலிருந்துதான் ராபர்ட்டா எழுந்து வந்தார்.

ஒரு மனிதரை எப்படி ‘தயாரிப்பது’?

ராபர்ட்டாவின் கதை கிரேஹவுண்ட் பேருந்தில் தொடங்குகிறது. மணமுறிவுக்குப் பிறகு புது வாழ்க்கை தேடி, 1,800 டாலர் சேமிப்போடு சான் பிரான்சிஸ்கோ வந்து இறங்குகிறார். டான்டே விடுதியிலேயே அறை எடுக்கிறார். அறைத் தோழி தேவை என்று செய்தித்தாளில் விளம்பரம் கொடுக்கிறார்.

முகத்துக்கு ஒரு வரைபடமே இருந்தது. 1975-ல் ஹெர்ஷ்மேன் செய்த ‘ராபர்ட்டாவின் கட்டுமான வரைபடம்’ என்ற படைப்பில், முகத்தின் புகைப்படத்தின் மேல் எண்களும் கோடுகளும் இருக்கும். எந்த இடத்தில் எந்தப் பூச்சு, உதட்டுக்கு என்ன நிறம், தலைக்கு எந்த விக் என்ற செய்முறைக் குறிப்பு. இன்றைய மேக்கப் டுடோரியல் ரீல்ஸைப் பார்த்துப் பழகியவர்களுக்கு அந்தப் படம் ரொம்பப் பழக்கமானதாகத் தெரியும்.

முகத்தைவிடக் கடினமான வேலை காகிதங்கள். உரிமம், வங்கிக் கணக்கு, கடன் அட்டை ஆகியவை ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நிற்பவை. ஒன்று கிடைத்தால் அதைக் காட்டி அடுத்ததை வாங்கலாம். இன்று கேஒய்சி படிவம் நிரப்பிய யாருக்கும் இந்தச் சங்கிலி புரியும்.

இதில் அந்தக் காலத்துப் பெண்களுக்கென்று ஒரு கனம் உண்டு. அமெரிக்காவில் சம கடன் வாய்ப்புச் சட்டம் 1974-ல்தான் வந்தது. அதற்கு முன்பு, சம்பாதிக்கும் பெண்ணாக இருந்தாலும், கணவர் கையெழுத்து இல்லாமல் கடன் அட்டை கொடுக்க வங்கிகள் மறுக்க முடிந்தது. நிஜமான பெண்களே ‘நான் நான்தான்’ என்று நிரூபிக்க இன்னொருவரின் கையெழுத்தைத் தேடிய நேரத்தில், ஒரு கற்பனைப் பெண் வரிசையில் நின்று தன் ஆவணங்களைச் சேர்த்துக்கொண்டிருந்தார்.

காகித உலகத்தின் பலத்தை ஹெர்ஷ்மேன் ஏற்கெனவே சோதித்துப் பார்த்திருந்தார். ராபர்ட்டாவுக்கு முன்பே புரூடன்ஸ் ஜூரிஸ், ஹெர்பர்ட் கூட், கே அபாண்டன் என்ற 3 புனைபெயர்களில் கலை விமர்சனம் எழுதினார். அந்த ‘விமர்சகர்கள்’ லின் ஹெர்ஷ்மேனின் படைப்புகளைப் பற்றியும் எழுதினார்கள். அச்சில் வந்த அந்தக் கட்டுரைகளை எடுத்துக்கொண்டு காட்சிக்கூடங்களுக்குப் போனார். அதுவரை திறக்காத கதவுகள் திறந்தன.

நேர்மையா இது? கேள்வி நியாயமானது. அதே அளவுக்கு நியாயமான இன்னொரு கேள்வியும் உண்டு: பெண் கலைஞர்களைப் பற்றி யாருமே எழுதாத காலத்தில், எழுதினால்தான் காட்சி கிடைக்கும் என்ற விதியை வைத்தவர்கள் யார்?

விளையாட்டு ஆபத்தானபோது

விளம்பரத்துக்குப் பதில் போட்டவர்களை ராபர்ட்டா பொது இடங்களில் சந்தித்தார். அந்தச் சந்திப்புகளைத் தூரத்திலிருந்து ரகசியமாகப் படமெடுக்க ஏற்பாடு இருந்தது. துப்பறியும் ஆட்கள் எடுப்பது போன்ற அந்தப் படங்கள், ராபர்ட்டா இருந்ததற்கான சாட்சியங்களாகச் சேர்ந்தன.

அறைத் தோழிக்கான விளம்பரத்துக்கு ஆண்களும் பதில் எழுதினார்கள். எல்லாச் சந்திப்பும் நல்லபடியாக முடியவில்லை. சான் டியேகோவில் ஒருமுறை, சந்திக்க வந்தவர்கள் ராபர்ட்டாவைப் பாலியல் தொழிலுக்குள் இழுக்கப் பார்த்தார்கள். கழிப்பறைக்குள் போய், விக்கையும் உடையையும் கழற்றி, லின்னாக வெளியே வந்து தப்பித்தார். வேடத்தைக் கழற்றுவது அன்று தப்பிக்கும் வழியாக இருந்தது. அப்படிக் கழற்றிப்போட வேடம் எதுவும் இல்லாமல், தனியாகப் புது ஊருக்கு வந்திறங்கும் பெண்ணின் நிலை என்ன? ராபர்ட்டா திரட்டிய சாட்சியங்களில் கனமான கேள்வி இதுதான்.

இந்தப் படைப்பின் மேல் இன்றும் வைக்கப்படும் ஒரு விமர்சனத்தையும் தள்ளிவிட முடியாது. விளம்பரத்தை நம்பி வந்தவர்களிடம் யாரும் சம்மதம் கேட்கவில்லை. தனிமையில் இருந்த யாரோ ஒருவர் உண்மையாகவே ஒரு தோழியைத் தேடி வந்திருக்கலாம். அவர் பேசியதும் அவரது படமும் ஒரு கலைப்படைப்பின் பகுதியாகிவிட்டன. இன்று பொது இடத்தில் ‘பிராங்க்’ வீடியோ எடுப்பவர்களிடம் கேட்கப்படும் அதே கேள்விதான் இது.

ராபர்ட்டாவை வெளியேற்றிய சடங்கு

ஒரு கட்டத்தில் ராபர்ட்டா லின்னின் வாழ்க்கைக்குள் நிறைய இடம் பிடித்துவிட்டார். யார் எங்கே முடிகிறார், யார் எங்கே தொடங்குகிறார் என்பது குழம்பத் தொடங்கியது. அந்தச் சுமையைப் பங்கிட, வேறு 3 பெண்களை அதே விக், அதே உடையில் ராபர்ட்டாவாக அனுப்பினார். அவர்களுக்கும் கிடைத்த அனுபவங்கள் பெரும்பாலும் கசப்பானவையே.

1978-ல் சான் பிரான்சிஸ்கோவின் டி யங் அருங்காட்சியகத்தில் ஒரு காட்சி நடந்தது. தலைப்பே ‘லின் ஹெர்ஷ்மேன் ராபர்ட்டா பிரைட்மோர் அல்ல’ என்பதுதான். ராபர்ட்டா போலத் தோற்றமளிப்பவர்களுக்கான போட்டியும் வைக்கப்பட்டது.

அதே ஆண்டு இத்தாலியின் ஃபெராரா நகரில், லுக்ரேசியா போர்ஜியாவின் கல்லறையறையில் பேயோட்டும் சடங்கு ஒன்றின் மூலம் ராபர்ட்டாவுக்கு விடைகொடுக்கப்பட்டது. விஷம் வைப்பவள் என்ற வதந்தியால் நூற்றாண்டுகளாக அடையாளம் காணப்பட்ட பெண் லுக்ரேசியா. அடுத்தவர்கள் எழுதிய கதைக்குள் சிக்கிய ஒரு பெண்ணின் இடத்தில், காகிதங்களால் ஆன இன்னொரு பெண் மறைந்தார்.

முகமூடி இல்லாமல் பேசியது எப்போது?

1984-ல் ஹெர்ஷ்மேன் ஒரு வீடியோ கேமராவின் முன் தனியாக உட்கார்ந்தார். விக் இல்லை, வேடம் இல்லை. கேமராவைப் பார்த்துப் பேசத் தொடங்கினார். அது பல பத்தாண்டுகள் நீண்ட ‘எலக்ட்ரானிக் டைரிஸ்’ என்ற வீடியோ தொடராக வளர்ந்து, 2019 வரை தொடர்ந்தது.

மண வாழ்க்கை முறிந்தது, உடல் எடை மீதான வெறுப்பு, நோய், வயது என்று ஒவ்வொன்றாகப் பேசினார். பிறகு, சிறுவயதில் வீட்டுக்குள் அனுபவித்த வன்முறையைப் பற்றி. குழந்தையாக இருந்தபோது அந்த வீட்டிலிருந்து தப்பிக்க மனதுக்குள் வேறு வேறு ஆட்களை உருவாக்கி, அவர்களுக்குள் ஒளிந்துகொண்டதையும் சொன்னார். இந்தத் தொடரின் 1986-ம் ஆண்டுப் பகுதிக்கு ‘ஒரு பச்சோந்தியின் வாக்குமூலங்கள்’ என்று பெயர்.

இதைக் கேட்ட பிறகு ராபர்ட்டாவை வேறு கண்ணோடுதான் பார்க்க முடியும். வெளியே இருந்து பார்த்தபோது அது சமூகத்தைச் சோதிக்கும் புத்திசாலித்தனமான பரிசோதனை. உள்ளே இருந்து பார்த்தால், ‘எனக்கு நடந்தது’ என்று சொல்ல முடியாத ஒருவர், அதைத் தாங்க இன்னொரு ஆளைப் படைத்துக்கொண்ட பழைய வழியின் தொடர்ச்சி.

டைரி வீடியோக்களில் அவர் முகம் சில இடங்களில் பல துண்டுகளாகப் பிரிந்து திரையில் தெரியும். அந்தத் தொடரின் இன்னொரு பகுதியின் பெயர் ‘தன்மை, பன்மை’. இலக்கணத்தில் ‘நான்’ ஒருமை. அவருடைய ‘நான்’ ஒருபோதும் ஒருமையாக இருந்ததில்லை.

கேமராவைப் பார்த்து மனதில் இருப்பதைக் கொட்டுவது இன்று தினசரி வழக்கம். ஆனால் அந்த வீடியோக்களில் லைக் கணக்கு இல்லை. உடனே ஆறுதல் சொல்லும் யாரும் இல்லை. பேசியவர் 30 ஆண்டுகளுக்கும் மேலாக அதே முகத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தார்.

ரிமோட்டில் ஓர் உயிர்

1983-ல் வெளிவந்த ‘லோர்னா’, லேசர் டிஸ்க்கில் செய்யப்பட்ட முதல் ஊடாட்டக் கலைப்படைப்பாகக் கருதப்படுகிறது. ஊடாட்டம் என்றால், பார்ப்பவரே கதையின் போக்கைத் தேர்ந்தெடுப்பது. லோர்னா, வெளியே போகப் பயந்து ஒற்றை அறைக்குள் டிவியும் தொலைபேசியுமாக அடைந்து கிடக்கும் பெண். ரிமோட் பார்வையாளர் கையில் இருக்கும். அறையில் உள்ள பொருட்களுக்கு எண்கள் இருக்கும். எண்ணை அழுத்தினால் அந்தப் பொருளோடு ஒட்டிய நினைவு விரியும்.

முடிவுகள் 3. லோர்னா டிவியைச் சுட்டு உடைக்கலாம், தன் உயிரை மாய்த்துக்கொள்ளலாம், அல்லது ஊரைவிட்டு லாஸ் ஏஞ்சலஸ் போகலாம். எது நடக்கும் என்பது ரிமோட் வைத்திருப்பவர் கையில். வேடிக்கை பார்ப்பவருக்கும் பொறுப்பு உண்டு என்று சொல்லாமல் சொன்ன படைப்பு அது.

பொம்மையின் கண், சாட்பாட்டின் வாய்

இணையம் வந்தபோது ஹெர்ஷ்மேன் ஆச்சரியப்படவில்லை. 1990-களில் ராபர்ட்டா ஒரு பொம்மையாகத் திரும்பி வந்தார். ‘சைபர்ராபர்ட்டா’ என்ற அந்தப் பொம்மையின் கண்களில் கேமரா. பொம்மையைப் பார்க்க வந்தவர்களைப் பொம்மையும் பார்த்தது, அந்தக் காட்சி இணையத்துக்குப் போனது.

அடுத்து ‘ஏஜென்ட் ரூபி’. இணையத்தில் யார் கேள்வி தட்டினாலும் பதில் சொல்லும் பெண் முகம். சாட்ஜிபிடி வருவதற்குச் சுமார் 20 ஆண்டுகளுக்கு முன்பே, மக்கள் ஒரு நிரலிடம் காதல், அரசியல், கனவு எல்லாவற்றையும் பேசிக்கொண்டிருந்தார்கள். சான் பிரான்சிஸ்கோ நவீனக் கலை அருங்காட்சியகம் 2013-ல் ரூபியின் உரையாடல் பதிவுகளைக் கொண்டே ஒரு காட்சி நடத்தியது. 2002-ல் அவர் இயக்கிய ‘டெக்னோலஸ்ட்’ படத்திலும் ரூபி உண்டு. அதில் ஒரு விஞ்ஞானி, அவருடைய 3 நகல்கள் என்று 4 வேடங்களில் நடித்தவர் டில்டா ஸ்வின்டன்.

பிறகு அடையாளத்தைத் தேடி மரபணு ஆய்வகத்துக்குள் போனார். நோவார்ட்டிஸ் நிறுவன விஞ்ஞானியோடு சேர்ந்து அவர் பெயரிலேயே ஓர் எதிர்ப்பொருள், அதாவது ஆன்டிபாடி உருவானது. ஒவ்வோர் அமினோ அமிலத்துக்கும் ஓர் ஆங்கில எழுத்துக் குறியீடு உண்டு. லின் ஹெர்ஷ்மேன் என்ற பெயரில் உள்ள எல்லா எழுத்துகளும் அந்தக் குறியீட்டுப் பட்டியலில் இருக்கின்றன. உரிமத்தில் எழுதப்பட்ட பெயரில் தொடங்கிய பயணம், மூலக்கூறில் எழுதப்பட்ட பெயரில் வந்து நின்றது.

இவ்வளவு செய்தவரை ஏன் பலருக்குத் தெரியவில்லை?

காலத்துக்கு முன்னால் ஓடியவர் என்று சொல்லிவிடலாம். உண்மையில், அவர் செய்ததை எந்த அலமாரியில் வைப்பது என்று கலை உலகத்துக்குத் தெரியவில்லை. சுவரில் மாட்டி விற்கும் ஓவியத்துக்குச் சந்தை இருந்தது. ஒரு பெண்ணின் வங்கிக் கணக்குக்குச் சந்தை ஏது?

2014 டிசம்பரில் ஜெர்மனியின் கார்ல்ஸ்ரூவேயில் உள்ள ‘இசட்கேஎம்’ மையம் அவருடைய வாழ்நாள் படைப்புகளைத் திரட்டிப் பெரிய காட்சி வைத்தது. அப்போது அவருக்கு 73 வயது. நியூயார்க் அருங்காட்சியகம் ஒன்றில் முதல் தனிக் காட்சி 2021-ல்தான் கிடைத்தது. 2022-ல் வெனிஸ் பினாலேவில் அவருடைய படைப்புக்குச் சிறப்புக் குறிப்பு வழங்கப்பட்டது. மூச்சுச் சத்தம் வந்ததற்காகக் காட்சி மூடப்பட்டு அரை நூற்றாண்டு ஆகியிருந்தது.

அப்போ, எது நிஜம்?

ராபர்ட்டாவின் உரிமம், காசோலைகள், கடிதங்கள், புகைப்படங்கள் இன்று கலைப்பொருட்கள். இவற்றை மட்டும் பார்க்கும் ஒருவர், ராபர்ட்டா உண்மையாகவே வாழ்ந்தவர் என்றுதான் முடிவு செய்வார். கோப்பு அப்படித்தான் சொல்லும். சிறுவயது வன்முறையும் மருத்துவமனைப் பயமும் கொண்ட லின்னைப் பற்றி அந்தக் கோப்பில் ஒரு வரிகூட இருக்காது.

இன்று ஒவ்வொருவருக்கும் அப்படி ஒரு கோப்பு உண்டு. ஓடிபி வரும் எண், கிரெடிட் ஸ்கோர், அலுவலக வலைத்தளத்தில் சிரிக்கும் படம், சமூக வலைத்தளப் பக்கம் எல்லாம் சேர்ந்து ஓர் ஆளை உருவாக்கி வைத்திருக்கின்றன. கடன் கொடுப்பவரும் வேலை கொடுப்பவரும் முதலில் சந்திப்பது அந்த ஆளைத்தான். ராபர்ட்டாவை ஹெர்ஷ்மேன் தானே கட்டினார், அலுத்தபோது தானே வழியனுப்பினார். நம் கோப்பைப் பெரும்பாலும் நாம் கட்டுவதில்லை. அதை மூடும் அதிகாரமும் நம்மிடம் இல்லை.